ஹெல்மெட்டுக்குள் அக்கா

தொலைபேசி நுழைய முடியாத இடம் என்று இதை எழுதுபவருக்கு உலகத்தில் மிச்சமிருந்தது ஒன்றே ஒன்று. அது அவருடைய ஹெல்மெட்டின் உட்புறம். போன மாதம் அதையும் திறந்துவிட்டார்கள்.

திறப்பு விழா நடத்தியவர் அத்தான். பிறந்தநாள் பரிசு என்று ஒரு சின்னப் பெட்டியை நீட்டினார். உள்ளே, ஹெல்மெட்டின் இடது கன்னத்தில் ஒட்டிக்கொள்ளும் புளூடூத் கருவி, காதுக்கு ஒன்றாக இரண்டு ஸ்பீக்கர், வாய்க்கு நேராக நீட்டிக்கொண்டு நிற்கும் ஒரு மைக். "பாட்டு கேக்கலாம், வழி கேக்கலாம், மழை வருதான்னு கேக்கலாம்" என்று அத்தான் அடுக்கினார். வீட்டில் எல்லாரும் கைதட்டினார்கள். அக்கா மட்டும் தட்டவில்லை. அவள் அதற்குள் தன் போனில் தம்பியின் எண்ணைத் தேடி எடுத்து முதல் இடத்தில் நிறுத்திக்கொண்டிருந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை விடிந்தும் விடியாமலும் மோட்டாரைக் கிளப்பிக்கொண்டு தனியாக ஊருக்கு வெளியே போய்வரும் வியாதி உள்ளவர்களுக்கு அதைப் பற்றி விளக்க வேண்டியதில்லை. இல்லாதவர்களுக்கு விளக்கிப் பயனில்லை. ஏன் தனியாகத்தான் போக வேண்டும் என்பதற்கு இவரிடம் அசைக்க முடியாத ஒரு காரணம் உண்டு. அதைக் கட்டுரையின் நடுவில் எங்காவது சொல்வதாக உத்தேசம்.

வண்டி ஹோண்டா இஎக்ஸ்5. சூப்பர் கப் வம்சம். 1958இல் ஜப்பானில் தொடங்கிய அந்த வம்சம் 2017இல் பத்துக் கோடி வண்டிகளைத் தொட்டது. பினாங்கின் லோ பூன் சியூ அதே 1958இல் ஹோண்டாவின் விநியோக உரிமையை வாங்கிவந்த பிறகு, இந்த நாட்டில் மீன் விற்றவர், பேப்பர் போட்டவர், பால் மரம் வெட்டப் போனவர், தமிழ்ப்பள்ளி வாத்தியார் என்று ஏறாதவர் பாக்கியில்லை. இதற்கு இடது கையில் கிளட்ச் பிடி கிடையாது. ஜப்பானில் சோபா நூடுல்ஸ் கொண்டுபோய்க் கொடுக்கும் பையன் ஒரு கையில் தட்டை ஏந்திக்கொண்டே ஓட்ட வேண்டும் என்று அப்படி வடிவமைத்தார்கள். போன் பேசுவதற்காக அல்ல என்பதை இங்கேயே பதிவு செய்துவிடுவது நல்லது.

பத்து வெள்ளி நோட்டை நீட்டி டேங்கை நிரப்பினால் சில்லறை மீதி வரும். நாட்டின் பெரும்பாலான சுங்கச்சாவடிகளில் மோட்டாருக்குக் கட்டணம் இல்லை. இரண்டு லட்சம் வெள்ளிக் காரில் வந்தவர் அட்டையில் பாக்கி இல்லாமல் தடுப்புக் கம்பிக்கு முன்னால் நின்று, பின்னால் இருப்பவர்களிடம் ஹாரன் வாங்கிக்கொண்டிருக்கும்போது, இவர் இடது ஓரத்துச் சந்து வழியாக அந்தப் பக்கம் போய்விடுவார். சமத்துவம் பற்றி அரசியல்வாதிகள் பேசுவதைக் கேட்பதைவிட அந்தச் சந்தில் ஒருமுறை போய்வரலாம்.

அதிகாலையில் பிரிக்பீல்ட்ஸ் நன்றாகவே இருக்கும். ஜாலான் ஸ்காட்டில் கந்தசுவாமி கோயில் பக்கம் மணிச் சத்தம், ஜாலான் துன் சம்பந்தனில் பூக்கடைக்காரர்கள் தண்ணீர் தெளிக்கும் சத்தம், மோனோரயில் இன்னும் சோம்பல் முறிக்காத நேரம். 2010 அக்டோபரில் அன்றைய பிரதமர்கள் மன்மோகன் சிங்கும் நஜிப்பும் வந்து லிட்டில் இந்தியாவைத் திறந்துவைத்த பிறகு அங்கே வந்து குவியும் சுற்றுலாப் பேருந்துகள் அந்த நேரத்தில் இருக்காது. ஜாக்கெட்டை முன்னதைப் பின்னதாகத் திருப்பி மாட்டிக்கொள்ள வேண்டும். மலேசிய மோட்டார்க்காரர்களின் தேசிய உடை அது. வெயிலும் தூசியும் சட்டையில் படாது, ஜிப்பும் போட வேண்டாம். வெளிநாட்டுக்காரர்கள் பார்த்துச் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். பங்சார் தாண்டுவதற்குள் அவர்கள் சட்டை கரியாகிவிடும்.

பிறகு கூட்டரசு நெடுஞ்சாலை. அதன் ஓரத்தில் ஓடும் மோட்டார் சைக்கிள் தடம் 1970களில் உலக வங்கியின் உதவியோடு போட ஆரம்பித்தது. மோட்டாருக்கென்றே வேலி கட்டித் தனிப் பாதை போடுவது அந்தக் காலத்தில் உலகத்துக்கே புதுசு. இன்றைக்கு அதில் குழி இருக்கும், மழை பெய்தால் சுரங்கப் பகுதியில் குளம் இருக்கும், எதிர்த்திசையில் ஒரு புண்ணியவான் சிரித்துக்கொண்டே வருவார். ஆனாலும் அந்தத் தடத்தில் இறங்கிவிட்டால் கார்க்காரர்களின் உலகம் இரும்பு வேலிக்கு அப்பால் போய்விடும். ஹெல்மெட்டுக்குள் காற்றும் இஞ்சினும் மட்டும். யாரும் பேச மாட்டார்கள், பேசினாலும் கேட்காது, கேட்காததால் பதில் சொல்லவும் வேண்டாம்.

அதெல்லாம் போன மாதம் வரை.

"எங்கடா இருக்க?"

மிட் வேலியைத் தாண்டும்போது இரண்டு காதிலும் ஒரே நேரத்தில் அக்கா. மனுஷர்கள் பேசினால் ஏதாவது ஒரு பக்கத்திலிருந்து சத்தம் வரும். இது மண்டைக்கு நடுவிலிருந்து வந்தது. மனசாட்சிதான் பேசுகிறதோ என்று இவர் பயந்துபோனார். மனசாட்சி "டா" போடாது என்பது கொஞ்சம் தாமதமாகத்தான் உறைத்தது.

"ரோட்ல இருக்கேன்கா. மோட்டார் ஓட்டிக்கிட்டு இருக்கேன்."

"தெரியும். அதுக்குத்தான அத்தான் வாங்கிக் குடுத்தாரு. ஓட்டிக்கிட்டே பேசு."

"என்னா விஷயம்?"

"விஷயம் ஒண்ணும் இல்ல. சும்மாதான்."

விஷயம் உள்ள அழைப்பு விஷயத்தைச் சொன்னதும் முடிந்துவிடும். சும்மா வரும் அழைப்புக்கு அந்த வசதி கிடையாது.

கோத்தா டாருல் ஏசான் வளைவு வந்தது. 1974இல் சிலாங்கூர் தன் தலைநகரான கோலாலம்பூரைக் கூட்டரசுக்கு விட்டுக்கொடுத்ததன் நினைவாக எழுப்பியது அது. அன்றைக்குச் சுல்தான் கண்ணீர் விட்டார் என்பார்கள். அந்த வளைவுக்கு அடியில் இவர் போகும்போது அக்கா, காஜாங்கில் நடந்த ஒரு கல்யாணத்தில் தன்னைச் சமையற்கட்டுக்குப் பக்கத்து மேசையில் உட்காரவைத்ததைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தாள். சுல்தானாவது கையெழுத்துப் போட்டு விட்டுக்கொடுத்தார். அக்காவிடம் யாரும் கேட்கக்கூட இல்லை.

அந்தக் கல்யாணம் பெட்டாலிங் ஜெயா முழுக்க நடந்தது. மாப்பிள்ளை அழைப்பு ஆசியா ஜெயா பக்கம். தாலி கட்டும்போது இவர் ஒரு லாரியின் புகையைக் குடித்துக்கொண்டிருந்தார். பந்தியில் மட்டன் தீர்ந்துபோன இடம் மோட்டரோலா மேம்பாலத்துக்குக் கொஞ்சம் முன்னால். மணப்பெண்ணின் சித்தி கட்டியிருந்த சேலையின் விலை, அது உண்மையில் அந்த விலையாக இருக்க முடியாது என்பதற்கான மூன்று சான்றுகள், அதே சேலையை ஜாலான் மஸ்ஜித் இந்தியாவில் எந்தக் கடையில் எவ்வளவுக்குத் தொங்கவிட்டிருக்கிறார்கள் என்ற விவரம், எல்லாம் சுபாங் நெருங்குவதற்குள் வந்துசேர்ந்தன. இவர் சொன்னதெல்லாம் "ம்". மணிக்கு அறுபது கிலோமீட்டரில் சொன்ன "ம்" காற்றில் சிதறிவிடும் போலிருக்கிறது. "கேக்குதா இல்லையா?" என்று அக்கா ஒவ்வொரு முறையும் அதட்டினாள். ஆகவே இவர் கத்தினார். ஹெல்மெட்டுக்குள் கத்துவது தனக்கு மட்டும் கேட்கும் என்று இவர் நினைத்திருந்தார். பக்கத்தில் வந்த சாப்பாடு கொண்டுபோகும் பையன், முன்னதைப் பின்னதாக ஜாக்கெட் மாட்டிய ஒரு நடுத்தர வயதுக்காரர் காற்றைப் பார்த்து "மட்டன் பத்தலைன்னா அவன்தான கேட்டரிங்காரன்கிட்ட சொல்லணும்!" என்று கூவுவதைக் கேட்டுவிட்டு, பச்சைப் பெட்டி ஆட ஆட வேகமாகத் தள்ளிப் போய்விட்டான்.

ஒரு சுரங்கப் பகுதியில் மட்டும் அக்கா அறுந்துபோனாள். சேலைக்காரச் சித்தியைப் பற்றி "அவ புருஷன் இருக்கானே" என்று தொடங்கி, அவ்வளவுதான். இருட்டு, ஈரச் சுவர், இஞ்சின் சத்தம் சுவரில் மோதித் திரும்புகிறது, சொட்டுச் சொட்டாகத் தண்ணீர். வெளிச்சத்துக்கு வந்ததும் அந்தப் புருஷன் காத்திருந்தான். கிள்ளானுக்குப் போவதைக் கைவிட்டு, நாள் பூராவும் அந்தச் சுரங்கத்துக்குள்ளேயே முன்னும் பின்னும் ஓட்டிக்கொண்டிருந்தால் என்ன என்ற யோசனை இவருக்கு வந்தது. அதற்கும் ஏதாவது சட்டம் இருக்கும்.

பத்து தீகாவில் ஒரு காலத்தில் கார்களுக்குச் சுங்கச்சாவடி இருந்தது. 2018 ஜனவரி 1 முதல் எடுத்துவிட்டார்கள். அந்த இடத்தில் இப்போது வசூல் செய்வது அக்கா. "இரு, பெரியம்மா லைன்ல வர்றாங்க" என்று சிரம்பானில் இருக்கும் பெரியம்மாவையும் உள்ளே இழுத்துப் போட்டாள். பெரியம்மாவுக்குக் காது மந்தம். மோட்டாரில் போகிறவனுக்கும் காது மந்தமாகத்தான் இருக்கும் என்பது அவர் கணிப்பு.

"தம்பி! ஹெல்மெட்டுக்குள்ளயா இருக்க!"

"ஆமா பெரியம்மா!"

"தலைக்கு எண்ணெய் வச்சியா! ஹெல்மெட்டுச் சூடு கண்ணைக் கெடுத்துடும்!"

"வச்சேன் பெரியம்மா!"

"ஏன் தனியாப் போற! வீட்ல சண்டையா!"

இதற்கு நடுவில் கருவிக்குள் குடியிருக்கும் ஓர் ஆங்கிலப் பெண்மணி, பேட்டரி நடுத்தரமாக இருக்கிறது என்று அறிவித்தார். பேட்டரி நிறைந்திருக்கிறது என்றோ தீரப்போகிறது என்றோ அவர் சொல்லி இவர் கேட்டதில்லை. எப்போதும் நடுத்தரம்தான். ஆக, ஒரு ஹெல்மெட்டில் நான்கு பேர். போக்குவரத்துச் சட்டத்தில் ஒரு மோட்டாரில் இரண்டு பேருக்கு மேல் போகக் கூடாது. ஹெல்மெட்டுக்கு வரம்பு இல்லை.

ஷா ஆலமில் மழை பிடித்துக்கொண்டது. பாலத்துக்கு அடியில் ஒதுங்கி நின்றவர்களோடு இவரும் நின்றார். கோலாலம்பூர்ப் பக்கத்து மழையில் முன்பின் தெரியாத இருபது பேர் வரிசையாக நின்று, யாரும் யாரோடும் பேசாமல், மழையையே பார்த்துக்கொண்டிருக்கும் பாலத்தடி இருக்கிறதே, அது ஓர் ஆசிரமம். அங்கே போய் இவருடைய ஹெல்மெட் பேசியது.

"ஏன் நிக்கிற?"

"நிக்கிறது உனக்கு எப்படித் தெரியும்?"

"புள்ளி நகரலையே."

காலையில் மனைவிக்கு மட்டும் அனுப்பிய லைவ் லொகேஷன், மனைவியிடமிருந்து அக்காவுக்கும், அக்காவிடமிருந்து குடும்பக் குழுவுக்கும் போய்ச் சேர்ந்திருந்தது. இவர் ஒரு நீலப் புள்ளியாகப் பல ஊர்களில் ஒரே நேரத்தில் ஓடிக்கொண்டிருந்தார். புள்ளி நின்றால் விசாரணை. புள்ளி திரும்பினால் விசாரணை. பெட்ரோல் பங்கின் பின்புறம் புள்ளி கொஞ்ச நேரம் தங்கிவிட்டால் வயிறு சரியில்லையா என்று ஜொகூரிலிருந்து செய்தி வரும். ஓமத்தண்ணி குடிக்கச் சொல்லி ஈப்போவிலிருந்து பதில் வரும். இவர் இன்னும் வெளியே வந்திருக்க மாட்டார்.

அவர்களைக் குறை சொல்லவும் முடியவில்லை என்பதுதான் எரிச்சலை இரட்டிப்பாக்குகிறது. இந்த நாட்டில் சாலை விபத்தில் இறப்பவர்களில் ஏறக்குறைய மூன்றில் இருவர் மோட்டாரில் போனவர்கள். 1973இல் ஹெல்மெட்டைக் கட்டாயமாக்கினார்கள். 1992இல் பட்டப்பகலிலும் முன்விளக்கு எரிய வேண்டும் என்று விதி போட்டார்கள். இரண்டும் உயிர்களைக் காப்பாற்றியிருக்கின்றன, இன்னும் போதவில்லை. பல தமிழ் வீடுகளில் மோட்டாரில் போய்த் திரும்பாத ஒருவரின் படம் மாலையோடு தொங்குகிறது. அக்கா பயப்படுவதில் நியாயம் இருக்கிறது. ஆனால் பயப்படுகிறவள், ஓட்டிக்கொண்டிருப்பவனிடம் சேலை விலையைச் சொல்லி அந்தப் பயத்தைத் தீர்த்துக்கொள்வது எந்த ஊர் நியாயம்? கையில் பிடித்துப் பேசினால்தான் குற்றம், காதில் மாட்டிப் பேசினால் இல்லை என்று அத்தான் சட்டம் பேசுகிறார். மணப்பெண்ணின் சித்தி புருஷனைக் கேட்டுக்கொண்டே குழியைப் பார்த்து ஓட்ட முடியுமா என்பதைச் சட்டம் எழுதியவர்கள் அக்காவோடு பேசிப் பார்த்து எழுதியிருக்கலாம்.

கிள்ளானில் அக்கா வீட்டில் தோசை சாப்பிடாமல் தப்ப முடியாது. சாப்பிட்டாயிற்று. ஜாலான் தெங்கு கிளானாவில் வெற்றிலையும் முருங்கைக்கீரையும் வாங்கிக் கொடுத்தாயிற்று. "இனிமே நிம்மதியாப் போ, நான் கூப்புட மாட்டேன்" என்று அக்கா வாசலில் நின்று சொன்னாள்.

கிள்ளானிலிருந்து ஐந்தாம் எண் சாலையில் தெற்கே இறங்கினால் தெலுக் பங்ளிமா காராங், ஜென்ஜாரோம், பந்திங், மோரிப். இதை நாட்டுப்புறம் என்று இப்போது சொல்வதற்கு நல்ல மனசு வேண்டும். கன்டெய்னர் லாரி, தொழிற்சாலைக் கொட்டகை, "விரைவில்" என்று போட்டுப் பல வருஷமாக வெளுத்துப்போன வீடமைப்புப் பலகை. அந்தப் பலகைகளுக்கு அடியில் இருந்தவை தோட்டங்கள். நாட்டின் நிர்வாகத் தலைநகரமே ஒரு காலத்தில் பிராங் பெசார் ரப்பர் தோட்டம்தான், முதல் உலகப்போரில் சண்டை போட்டுவிட்டு வந்த பிரிட்டிஷ்காரர்கள் தொடங்கியது. 1995இல் புத்ராஜெயா கட்டுமானம் ஆரம்பித்தபோது அங்கே பால் மரம் வெட்டிக்கொண்டிருந்த நம் ஆட்கள் அடுக்குமாடி வீடுகளுக்குப் போனார்கள். நாட்டுப்புறத்தைத் தேடி ஞாயிற்றுக்கிழமை மோட்டாரில் போகிறவர்களில் பாதிப் பேருடைய தாத்தா அந்த நாட்டுப்புறத்திலிருந்து வெளியேற்றப்பட்டவர். இதைச் சொன்னால் ரைடு மூடு கெட்டுவிடும் என்று அக்காவின் மகன் சொல்கிறான். கெடட்டும்.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். இந்தக் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் 1941இல் தமிழ்த் தொழிலாளர்கள் ஆயிரக்கணக்கில் வேலைநிறுத்தம் செய்தார்கள். கிள்ளான் மாவட்ட இந்தியர் சங்கமும் அதன் தலைவர்களில் ஒருவரான ஆர். எச். நாதனும் முன்னால் நின்றார்கள். சம்பள உயர்வு, பிள்ளைகளுக்குப் படிப்பு, கள்ளுக்கடையை மூடுவது என்று நீண்ட கோரிக்கைப் பட்டியல். அதில் ஒரு வரி, துரைக்கும் தோட்டத்து அலுவலர்களுக்கும் முன்னால் தொழிலாளி சைக்கிளை விட்டு இறங்காமல் ஓட்டிக்கொண்டு போக அனுமதிக்க வேண்டும் என்பது. எதிரே துரையோ கிராணியோ வந்தால் சைக்கிளிலிருந்து இறங்கி, அவர் போகும்வரை ஒதுங்கி நிற்க வேண்டும் என்பது அதுவரை இருந்த வழக்கம். ராணுவத்தை இறக்கி, சுட்டு, சிலாங்கூரில் அவசரநிலை அறிவித்து அந்தப் போராட்டத்தை அடக்கினார்கள். நாதனை இந்தியாவுக்கு நாடு கடத்தினார்கள். இரண்டு சக்கரத்தின் மேல் உட்கார்ந்தபடி, யாருக்கும் இறங்காமல், இதே சாலையில் போவதற்காக அடி வாங்கியவர்கள் அவர்கள். இவர் தோசை சாப்பிட்டுவிட்டு ஏப்பத்தோடு போகிறார்.

அதே பட்டியலில் இன்னொரு கோரிக்கையும் உண்டு. சொந்தக்காரர்களும் நண்பர்களும் தடையில்லாமல் தோட்டத்துக்குள் வந்து தங்களைப் பார்த்துப்போக விட வேண்டும் என்பது. அந்தக் காலத்தில் அதற்கும் துரை மறுத்தார். இப்போது அனுமதி முழுமையாகக் கிடைத்துவிட்டது. கொஞ்சம் அளவுக்கு மீறியே கிடைத்துவிட்டது.

தெலுக் பங்ளிமா காராங் தாண்டி வலதுபக்கம் திரும்பி லங்காட் ஆற்றுப் பாலத்தைக் கடந்தால் கேரித் தீவு. எட்வர்ட் வாலன்டைன் கேரி என்ற தோட்டக்காரரின் பெயரைச் சுமந்துகொண்டிருக்கும் தீவு. ஏறக்குறைய முழுக்கச் செம்பனை. மரம் செதுக்கி முகமூடி செய்யும் மா மெரி பழங்குடியினரின் கிராமங்கள் ஓரத்தில் இருக்கின்றன. செம்பனைக்குள் நுழைந்ததும் வெளிச்சம் மாறும், காற்றின் சூடு இரண்டு டிகிரியாவது குறையும். நேர்க்கோடாக மரங்கள், வெட்டிப் போட்ட மட்டைகள் அடுக்கடுக்காக, குலை ஏற்றிய டிராக்டர் கொட்டிவிட்டுப் போன சிவப்புப் பழங்கள் சாலையில் நசுங்கிக் கிடக்கும். ஆலைப் பக்கமிருந்து ஒரு புளித்த வாசனை. ஒரு திருப்பத்தில் தோட்டத்துக் கோயில், மஞ்சளும் சிவப்புமாகப் புதுப் பெயின்ட், ஆளே இல்லை. நாய் ஒன்று எழுந்து குரைக்கலாமா என்று யோசித்து, வேண்டாமென்று படுத்துக்கொண்டது. மூன்றாம் கியரில் நாற்பதில் போனால் போதும். பின்னால் வருகிறவர் இல்லை, முன்னால் முந்த வேண்டியவர் இல்லை. அக்கா சொன்ன சொல் காப்பாற்றிக்கொண்டிருந்தாள்.

தனியாக ஏன் போக வேண்டும் என்ற அந்தக் காரணத்தைச் சொல்ல இதுதான் சரியான இடம். சொல்வதற்கு முன்னால், மோட்டாரில் விடுதலை தேடியதாகப் புத்தகம் எழுதியவர்களைப் பற்றி ஒரு புகார் இருக்கிறது. அதை முடித்துவிட்டு வந்துவிடலாம்.

ராபர்ட் பிர்சிக் எழுதிய ஜென்னும் மோட்டார் சைக்கிள் பராமரிப்பும் பற்றிய புத்தகத்தை, தனிமையின் வேதம் என்று பலர் தலைமாட்டில் வைத்திருக்கிறார்கள். அவர் 1968இல் அந்தப் பயணம் போனபோது பின்சீட்டில் மகன் உட்கார்ந்திருந்தான், பக்கத்து வண்டியில் ஒரு தம்பதி வந்தார்கள். நான்கு பேர். நம் ஊர்க் கணக்கில் அது குடும்பச் சுற்றுலா. 1952இல் தென்னமெரிக்காவைச் சுற்றிய சே குவேராவோடு ஆல்பெர்த்தோ கிரனாடோ போனார். நார்ட்டன் வண்டி சிலியில் படுத்துவிட்டது, மிச்சத் தூரத்துக்கு லாரியும் கப்பலும். புரட்சிக்காரரே துணையோடுதான் கிளம்பியிருக்கிறார். உண்மையில் தனியாகப் போனவர் பிரிட்டிஷ்காரர் டெட் சைமன். 1973இல் டிரையம்ப் வண்டியில் கிளம்பி நான்கு வருஷம் உலகத்தைச் சுற்றினார். நம் நாட்டில் அனிதா யூசோப் 2015இல் ஒரு 150சிசி யமாஹாவில் தனியாகப் புறப்பட்டு உலகம் சுற்றி மறு வருஷம் வந்துசேர்ந்தார். அந்த அம்மையாரின் துணிச்சலையும் இஞ்சின் அறிவையும் எல்லாரும் பாராட்டிவிட்டார்கள். புறப்படுவதற்கு முந்தைய நாள் வீட்டில் இருந்த பெரியம்மாக்களை எப்படிச் சமாளித்தார் என்று யாரும் கேட்கவில்லை. இவர் அறிந்துகொள்ள விரும்புவது அதை மட்டும்தான்.

புகார் முடிந்தது. காரணத்துக்கு வருவோம். ஒரு மனுஷன் தனியாக மோட்டாரில் போகும்போது...

"மாமா, எங்க இருக்கீங்க? புள்ளி தீவுக்குள்ள காட்டுது."

மருமகன். அக்காவின் மூத்தவன், பந்திங்கில் வேலை. அக்கா தான் கூப்பிட மாட்டேன் என்றுதான் சொன்னாள், வேறு யாரும் கூப்பிட மாட்டார்கள் என்று சொல்லவில்லை. அரசியலுக்குப் போயிருக்க வேண்டியவள். மோரிப்பில் காத்திருப்பதாக மருமகன் சொன்னான். கருவியை அணைத்துவிடலாம் என்று இவர் யோசித்தார். அணைத்தால் புள்ளி மட்டும் ஓடும், குரல் வராது. அந்த நிலைமையை ஈப்போவும் ஜொகூரும் எப்படி எடுத்துக்கொள்ளும் என்பதை நினைத்துப் பார்த்துவிட்டு மோரிப்புக்கு விட்டார்.

மோரிப் கடற்கரையில் 1945 செப்டம்பர் 9 அன்று பிரிட்டிஷ் இந்திய ராணுவம் மலாயாவை மீட்க வந்து இறங்கியது. ஜப்பான் அதற்கு முன்பே சரணடைந்துவிட்டது, எதிர்க்க ஆளில்லை, ஆனாலும் வண்டிகள் சேற்றில் புதைந்து பெரும்பாடு பட்டார்கள். மிகப் பெரிய திட்டத்தோடு வந்து சேற்றில் மாட்டிக்கொள்வதற்கு அந்தக் கரைக்கு ஒரு ராசி உண்டு. மருமகன் தன் ஒய்15 மோட்டாரைச் சவுக்கு நிழலில் நிறுத்திவிட்டு நாசி லெமாக் பொட்டலத்தோடு உட்கார்ந்திருந்தான். "அம்மா குடுக்கச் சொன்னாங்க. தனியா இருப்பீங்கன்னு."

சாப்பிட்டு முடித்ததும், கடலைப் பார்த்துத் திரும்பி நிற்கச் சொல்லி இவரைப் பின்புறத்திலிருந்து படம் எடுத்தான். ஹெல்மெட்டை இடுப்பில் இடுக்கிக்கொள்ள வேண்டும், தலையைக் கொஞ்சம் சாய்க்க வேண்டும், தொப்பையை உள்ளே இழுக்க வேண்டும். பலமுறை எடுத்து ஒன்றைத் தேர்ந்தெடுத்து, "சோலோ ரைடு" என்று தலைப்புப் போட்டு, இவரைக் கேட்காமலேயே அனுப்பிவிட்டான். தனிப்பயணப் படங்களைப் பார்க்கும்போதெல்லாம் இவருக்கு ஒரு சந்தேகம் உண்டு, எடுத்தது யார் என்று. இனி இல்லை.

அனுப்பிய இடம் ஒரு வாட்ஸ்அப் குழு. தனியாகப் பயணம் போகிறவர்களுக்கான குழுவாம். கிள்ளான் பள்ளத்தாக்கு முழுக்க ஆட்கள் இருக்கிறார்கள். ஒவ்வொரு நாளும் நூற்றைம்பது "காலை வணக்கம்", கூடவே ரோஜாப்பூ. இவரை அதில் சேர்த்து, "நம்ம மாமா, சீனியர் சோலோ ரைடர்" என்று அறிமுகமும் செய்துவிட்டான். மாமாவை வரவேற்று ஒட்டுப்படங்கள் மழையாகக் கொட்டின. குழுத் தலைவர் உடனே அடுத்த ஞாயிறு நிகழ்ச்சியைப் போட்டார். பத்துமலைப் பக்கம் பெட்ரோல் பங்கில் காலை ஆறு மணிக்குக் கூட வேண்டும். உலு யாம் வழியாகக் கோலகுபு பாரு, அங்கிருந்து பிரேசர் மலை. முன்னால் ஒரு மார்ஷல், பின்னால் ஒரு மார்ஷல், நடுவில் யாரும் யாரையும் முந்தக் கூடாது. எல்லாருடைய ஹெல்மெட்டும் ஒரே அலைவரிசையில் இணைந்திருக்க வேண்டும். ஒருத்தர் தும்மினால் நாற்பது பேருக்குக் கேட்கும். கூட்டமாகப் போனால் பாதுகாப்பு என்று கீழே குறிப்பு. அதே மலைச் சாலையில் 1951 அக்டோபர் 6 அன்று பிரிட்டிஷ் ஹை கமிஷனர் சர் ஹென்றி கர்னி பாதுகாப்பு வண்டிகள் புடைசூழக் கூட்டமாகத்தான் போனார், பதுங்கியிருந்தவர்கள் சுட்டுக் கொன்றார்கள் என்று இவர் பதில் எழுதினார். அதற்கு ஏழு பேர் கட்டைவிரல் காட்டினார்கள். ஒருவர் கைகூப்பினார். படித்தவர் யாரும் இல்லை.

சட்டை கட்டாயம் என்றது அடுத்த செய்தி. கறுப்பு நிறம், முதுகில் தனித்து ஓடும் ஓநாய், விலை நாற்பத்தைந்து வெள்ளி. அளவைச் சொல்லுங்கள், இன்றைக்கு ராத்திரி அச்சுக்குப் போகிறது.

மருமகன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். இவர் எக்ஸ்எல் என்று போட்டார்.

முழுக்கையா அரைக்கையா என்று கேட்டு அடுத்தது வந்தது.